முதலும் கருவும்: கலை இயக்குநர் பி. கிருஷ்ணமூர்த்தியின் திரைப்பணி

தமிழில் திரைப்படம் பற்றி எழுந்துள்ள ஆராய்ச்சிகள் பெரும்பாலும் கதை, உரையாடல், பாட்டு என்னும் மூன்றின் எல்லைக்குள்ளேயே நின்றுவிடுகின்றன. இதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. இம்மூன்றும் சொல்லால் ஆயவை. சொல்லை ஆராயும் பயிற்சி நமக்கு வழிவழியாக வாய்த்திருக்கின்றது. காட்சியை ஆராயும் பயிற்சி அங்ஙனம் வாய்க்கவில்லை. தலைவன் பேசிய உரையாடலை மனப்பாடமாக ஒப்பிப்பார் பலர் உளர். அவன் எத்தகைய திண்ணையில் அமர்ந்து அதனைப் பேசினான், அவன் அருகில் இருந்த செம்பு எக்காலத்துச் செம்பு என வினவுவார் மிகச் சிலரே. அவ்வினாக்களுக்கெல்லாம் படம் எடுப்பதற்கு முன்னரே விடை கண்டு வைப்பவர் ஒருவர் இருக்கின்றார். அவரையே கலை இயக்குநர் என்கின்றோம்.

கலை இயக்குநர் என்னும் சொல் திரையுலகில் வேரூன்றிவிட்டது. படத்தின் தோற்றம் முழுமைக்கும் பொறுப்பேற்பவரைப் 'புரொடக்‌ஷன் டிசைனர்' என்று வேறு பெயரால் அழைக்கும் வழக்கம் 1939-இல் வெளிவந்த 'கான் வித் த விண்ட்' என்னும் அமெரிக்கப் படத்தில் வில்லியம் கேமரூன் மென்சீஸ் என்பவர்க்கு அப்பெயர் அளிக்கப்பட்டதிலிருந்து பரவியது. முன்னது செட் போடுதலைக் குறிக்க, பின்னது செட், உடை, கைப்பொருள், நிறம் அனைத்தையும் ஒருசேர எண்ணி வகுத்தலைக் குறிக்கும். இவ்வேறுபாடு ஈண்டு நமக்கு வேண்டப்படுவது. ஏனெனில் யாம் ஆராயப் புகுந்த பி. கிருஷ்ணமூர்த்தி (1943–2020) கலை இயக்குநர் என்ற பெயரால் அறியப்பட்டும், செய்த பணியால் இரண்டாம் பெயர்க்கே உரியவர்.

அரங்கு அமைப்போரைப் பற்றிப் பேசாதிருத்தல் இன்று நேற்று தோன்றிய பழக்கம் அன்று. சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையில் இளங்கோவடிகள் ஆடலாசான், இசையாசான், கவிஞன், தண்ணுமையோன், குழலோன், யாழோன் ஆகியோரின் இலக்கணத்தைத் தனித்தனியே விரித்துரைக்கின்றார். பின்னர் அரங்கின் அளவுகளையும் கூறுகின்றார். இருபத்து நான்கு விரல் கொண்ட கோலால் ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம், ஒரு கோல் உயரம், இரண்டு வாயில், மூவகை எழினி, தூண் நிழல் அரங்கில் விழாதவாறு வைத்த விளக்கு. இத்துணை நுட்பமாக அளவு கூறிய அடிகள், அளந்து அமைத்தவனின் இலக்கணத்தை மட்டும் கூறவில்லை. நூல் வல்லார் வகுத்தனர் என்ற அளவில் அமைந்துவிடுகின்றார். விளக்கின் இடத்தைத் தூணின் நிழலோடு சேர்த்து எண்ணியவன் எவனோ, அவன் சிறந்த கலைஞன் என்பதில் ஐயமில்லை. அவன் பெயரும் இல்லை, இயல்பும் இல்லை. கிருஷ்ணமூர்த்தி பிறந்த ஊர் பூம்புகார் என்பதனைத் தற்செயல் ஒற்றுமை என்றே கொள்க. அதன்மேல் யாம் எதனையும் கட்ட விரும்பவில்லை.

இக்கட்டுரை பூம்புகாரைத் தொடக்கமாகக் கொள்ளாது சின்னசேலத்தைக் கொள்கின்றது. கல்வராயன் மலையின் அடிவாரச் சமவெளியில், சேலத்திலிருந்து உளுந்தூர்ப்பேட்டை செல்லும் பெருவழியில், இன்று கள்ளக்குறிச்சி மாவட்டத்தில் அடங்கிய ஊர் அது. கிருஷ்ணமூர்த்திக்கும் அவ்வூர்க்கும் பிறப்பாலோ தொழிலாலோ தொடர்பு காட்ட யாம் முற்படவில்லை. ஆயினும் காட்சி அமைப்பில் தமிழர் கண்ட இருவேறு நெறிகள் ஒன்றற்கொன்று அண்மையில் நிற்பதை அவ்வட்டாரத்தில் காணலாம். மேற்கே சேலத்தில் டி. ஆர். சுந்தரம் 1935-இல் நிறுவிய மாடர்ன் தியேட்டர்ஸ் நூற்றுக்கு மேற்பட்ட படங்களை ஆக்கியது. தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமாகிய 'அலிபாபாவும் 40 திருடர்களும்' 1956-இல் அங்கிருந்தே வந்தது. அந்நிறுவனம் இன்று இல்லை. ஏற்காடு சாலையில் அதன் நுழைவு வளைவு மட்டும் நிற்கின்றது. அரண்மனை, அந்தப்புரம், குகை, சிறைக்கூடம் என்று இடத்தைப் பெரிதாகக் கட்டிக் காட்டும் நெறி அது.

மற்றொரு நெறி தெருக்கூத்து. கள்ளக்குறிச்சி உள்ளிட்ட வடதமிழகத்து ஊர்களில் திரௌபதியம்மன் திருவிழாவில் பாரதக் கூத்து நிகழும். அங்கே அரண்மனை இல்லை. இருவர் பிடித்து நிற்கும் ஒரு திரையும், விளக்கும், சமன் செய்த மண்ணுமே அரங்கு. ஆயின் துரியோதனன் திரைக்குப் பின்னிருந்து வெளிப்படும்போது அரசவை முழுவதும் உடன் வந்துவிடுகின்றது. கல்யாண முருங்கை மரத்தில் செதுக்கிக் கண்ணாடிச் சில்லும் வண்ணத்தாளும் பதித்த முடியும் தோளணியும் மார்புப் பதக்கமுமே அவன் அரண்மனை. கட்டடம் நிற்க வேண்டிய இடத்தில் அணி நிற்கின்றது. இன்னும் ஒன்று. அருச்சுனன் தவம் நிகழும் நாளில் உயர்ந்த மரமொன்றை நட்டு, நடிப்பவர் அதன்மேல் மெய்யாகவே ஏறுவார். பதினெட்டாம் போர் நாளில் துரியோதனன் உருவத்தைப் பல முழ நீளத்துக்கு மண்ணால் தரையில் கிடத்தி வண்ணம் தீட்டுவர். படுகளம் முடிந்ததும் அது சிதைக்கப்படும். அம்மண்ணில் ஒரு பிடியை மக்கள் வீட்டுக்கு எடுத்துச் செல்வர். ஒரு நாள் வாழ்வுக்காக இத்துணை உழைப்பா என்று அயலார் வியக்கலாம். திரைப்படச் செட்டின் வாழ்வும் அதனினும் மிக நீண்டதன்று.

இவ்விரு நெறிகளையும் பிரித்தறியத் தொல்காப்பியம் நமக்கு ஓர் அளவுகோல் தருகின்றது. அகத்திணையியல் பாடலின் பொருளை முதல், கரு, உரி என மூன்றாக வகுக்கும். நிலமும் பொழுதும் முதல். தெய்வமும் உணவும், விலங்கும் மரமும் பறவையும், பறையும் யாழும் தொழிலும் கரு. புணர்தல் பிரிதல் முதலாய ஒழுக்கம் உரி. இம்மூன்றும் ஒன்றினொன்று முறையே சிறந்தன என்பதும் அவ்வியலிலேயே கூறப்பட்டுள்ளது. முதலினும் கரு சிறந்தது என்பதே ஈண்டு நமக்கு வேண்டுவது. நிலத்தை விரித்துரைப்பதனால் ஒரு பாடல் குறிஞ்சி ஆவதினும், தினைப்புனம் காக்கும் தழலும் தட்டையும் தோன்றுவதனால் குறிஞ்சி ஆவதே வலிமை உடைத்து என்பது சங்கப் பாடல்களில் பயின்றார்க்குத் தெளிவு. மாடர்ன் தியேட்டர்ஸின் அரண்மனை முதற்பொருளால் பேசுகின்றது. கூத்தின் முருங்கைக் கட்டை கருப்பொருளால் பேசுகின்றது.

பண்டை இலக்கணத்தைப் புதிய கலைக்குப் பொருத்துதல் தகுமோ என்று மாணவர் ஐயுறலாம். கிருஷ்ணமூர்த்தி தொல்காப்பியத்தை எண்ணிச் செட் அமைத்தார் என்று யாம் கூறவில்லை. அளக்கும் கோல் அளக்கப்படும் மரத்துள் இருந்து வளர வேண்டும் என்னும் நியதி இல்லை. பொருந்துகின்றதா என்பது ஒன்றே வினா.

அவர் பயின்றது சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியில். 1960-களின் சென்னை ஓவியர் வட்டம் கே. சி. எஸ். பணிக்கர், எஸ். தனபால் ஆகியோர் தலைமையில் மேலை நாட்டுப் பாணியைப் பின்பற்றுவதை விடுத்து, இந்நாட்டு வரிவடிவத்தையும் கோயிற் சிற்பத்தையும் நாட்டார் கைவினையையும் நோக்கித் திரும்பிய காலம் அது. பணிக்கரின் முயற்சியால் 1966-இல் சோழமண்டலம் ஓவியர் கிராமம் தோன்றியது. இச்சூழலில் வளர்ந்தவர் ஒருவர்க்கு மரப்பெட்டியும் அரிக்கன் விளக்கும் மட்பாண்டமும் வெறும் 'பிராப்பர்ட்டி' ஆகத் தோன்றாமை இயல்பே.

திரைப்படத்தில் அவர் முதலில் வேர் கொண்டது தமிழில் அன்று, கன்னடத்தில். ஜி. வி. ஐயர் இயக்கிய 'ஹம்சகீதே' (1975) தொடங்கி, வடமொழியில் எடுக்கப்பட்ட முதற்படமாகிய 'ஆதி சங்கராசாரியா' (1983), 'மத்வாசாரியா' (1986) எனத் தொடர்ந்தது அவ்வுறவு. ஐயரின் படங்கள் செல்வச் செழிப்பை நாடுவன அல்ல. துறவியரைப் பற்றிய கதையில் காட்டுவதற்கு என்ன இருக்கின்றது? ஓர் ஓடு, ஒரு தண்டம், ஓர் ஓலைச்சுவடி, ஆற்றங்கரை, மரநிழல். பொருள்கள் குறையக் குறைய ஒவ்வொன்றின் சுமையும் கூடும் என்பதே இப்படங்களில் அவர் கற்ற பாடம் என்று கருதுகின்றோம். 'ஆதி சங்கராசாரியா'வில் இறப்பும் மெய்யறிவும் மனித உருவில் சங்கரரின் தோழர்களாக உடன் நடக்கின்றன. இத்தகைய உருவகங்கள் நாடகமேடையில் ஒளிவட்டமும் பட்டும் சூடியே வரும். இங்கே அவை எளிய மனிதராகவே வருதலின், காண்பார் அவற்றை முதலில் ஐயுற்றுப் பின்னர் உணர்கின்றனர். உவமையை உள்ளுறையாக வைத்ததற்கு ஒப்பான செயல் இது. 'மத்வாசாரியா' அவர்க்குக் கலை இயக்கத்துக்கான முதல் தேசிய விருதைப் பெற்றுத் தந்தது.

அதன் பின்னர் மலையாளம். 'சுவாதித் திருநாள்' (1987), 'வைசாலி' (1988) ஆகியவற்றை அடுத்து, ஹரிஹரன் இயக்கத்தில் எம். டி. வாசுதேவன் நாயர் எழுதிய 'ஒரு வடக்கன் வீரகாதா' 1989-இல் வந்தது. கருப்பொருள் பற்றிய எம் கருத்துக்கு இப்படமே தலையாய சான்று. ஆதலின் இதனைச் சற்று விரித்துரைத்தல் வேண்டும்.

வடமலபாரின் வீரர் கதைப்பாடல்கள் கேரளத் திரைக்குப் புதியன அல்ல. உதயா நிறுவனத்தார் 1961-இல் 'உண்ணியார்ச்சா'வை எடுத்ததிலிருந்து அவை தொடர்ந்து படமாயின. அப்படங்களின் தோற்றம் நாடகமேடை அரசர் கதைகளின் தோற்றமே. சேகவர் என்போர் நாடாளும் வேந்தர் அல்லர்; பிறர்க்காகக் கூலி பெற்று அங்கம் வெட்டிய வீரர். அவர்க்கு வேந்தரின் மாளிகையைக் கொடுத்துவிட்டால் அவர்தம் துயரம் விளங்காது. 'வீரகாதா' அம்மாளிகையை நீக்கியது. மண்ணும் மரமும் ஓலையும் கொண்ட வீடு, எண்ணெய் பளபளக்கும் வெற்றுடல், இறுக்கிய கச்சை, களரியின் தரை ஆகியவையே அங்கு எஞ்சின. வறுமையைக் காட்டுவதன்று நோக்கம். அவ்வீரரின் செல்வம் உடலே, வேறில்லை என்பதைக் காட்டுவதே நோக்கம். அணிகலன்களும் உள. ஆயின் அவை உடலோடு ஒட்டியனவாக, வீரத்துக்குப் பெற்ற பரிசிலாகத் தோன்றுகின்றன.

இனி, அக்கதையின் உயிர் எங்கே உள்ளது என்று நோக்குக. ஆரோமல் சேகவரின் சுரிகையில் இரும்பாணியை நீக்கி மூங்கிலாணி வைத்ததனால் அங்கத்தில் அது முறிந்தது. அச்சூழ்ச்சியைச் செய்தவன் சந்து என்பது பாடல் வழக்கு. அப்பழி சந்துவைச் சாராது என்பது வாசுதேவன் நாயர் கண்ட புதுப்பொருள். ஒரு குடியின் மானமும் ஒருவனது நூற்றாண்டுப் பழியும் விரல் நுனியளவுள்ள ஓர் ஆணியில் தொங்குகின்றன. இத்தகைய கதையில் சுரிகை மேடைப்பொருள் போலத் தகரப் பளபளப்போடு இருந்தால் கதை முழுவதும் பொய்த்துப்போகும். கொல்லன் உலையில் அடித்த இரும்பு என்று கண் நம்ப வேண்டும். அதில் ஆணி என்று ஓர் உறுப்பு உண்டு என்பதும், அதனை மாற்ற இயலும் என்பதும் பார்ப்பவர்க்கு முன்னரே மனத்தில் பதிந்திருத்தல் வேண்டும். கருப்பொருள் உரிப்பொருளைத் தாங்குதல் என்பதற்கு இதனினும் தெளிவான எடுத்துக்காட்டுத் திரையில் அரிது. இப்படத்துக்குக் கலை இயக்கம், உடையமைப்பு ஆகிய இரண்டுக்கும் தேசிய விருதுகள் கிருஷ்ணமூர்த்திக்கே கிடைத்தன.

இரு விருதும் ஒருவர்க்கே என்பதனை வெறும் பெருமையாகக் கருதிக் கடந்துவிடலாகாது. திரைப்பட நிறுவனங்களில் உடைக்கு ஒருவர், செட்டுக்கு ஒருவர் என்று பிரிப்பதே பெருவழக்கு. அங்ஙனம் பிரித்தால் சுவரின் நிறம் ஒருவர் எண்ணத்திலும், அச்சுவரில் சாய்ந்து நிற்பவள் புடைவையின் நிறம் மற்றொருவர் எண்ணத்திலும் பிறக்கும். கூத்தில் இப்பிரிவு இல்லை, முடியே மாளிகை. கிருஷ்ணமூர்த்தியிடத்தும் இப்பிரிவு இல்லை என்பதே எம் துணிபு. இதே இரட்டை விருதை அவர் இரண்டாம் முறையும் பெற்றார். அஃது ஒரு தமிழ்ப்படத்துக்கு. ஆயின் திரைக்கு வந்து கால் நூற்றாண்டு கழிந்த பின்னரே.

ஞான ராஜசேகரன் இயக்கிய 'பாரதி' (2000) அப்படம். சாயாஜி ஷிண்டே பாரதியாராகவும் தேவயானி செல்லம்மாளாகவும் நடித்தனர், இளையராஜா இசையமைத்தார், தங்கர் பச்சான் ஒளிப்பதிவு செய்தார். கலை இயக்குநர்க்கு இதனினும் கடினமான பணி வாய்த்தல் அரிது என்று கூறலாம். சங்கரர் எவ்வாறு உடுத்தினார் என்று எவரும் கேள்வி கேட்க இயலாது. பாரதியார் 1921 வரை வாழ்ந்தவர். அவரைக் கண்டவர்கள் நினைவுக் குறிப்பு எழுதியுள்ளனர்; எண்ணிச் சொல்லத்தக்க சில ஒளிப்படங்களும் உள்ளன. அவற்றின் வழியே தலைப்பாகையும் முறுக்கு மீசையும் கருப்புக் கோட்டும் நாட்காட்டி ஓவியமாகவும் பள்ளிச் சுவரோவியமாகவும் ஒவ்வொரு தமிழர் கண்ணிலும் உறைந்துபோயின. உறைந்த அவ்வுருவத்தை அவ்வாறே நிறுத்தினால் படம் நாட்காட்டி ஆகும். மாற்றினால் மக்கள் ஏற்கமாட்டார்.

இந்நெருக்கடியில் கிருஷ்ணமூர்த்தி கண்ட வழி, உருவத்தை மாற்றாது அதற்குப் பழமை ஏற்றியது. கோட்டு இருக்கின்றது. ஆயின் அது சின்னமாக அல்லாமல் துணியாக இருக்கின்றது. வாங்க ஆள் இல்லாத பாட்டுகளை எழுதியவன் நாள்தோறும் உடுத்தித் தேய்ந்த துணி. தலைப்பாகை முண்டாசாகக் கட்டி அவிழ்ந்து மீண்டும் கட்டப்படும் ஒன்றாக உள்ளது. செல்லம்மாளின் சமையலறையை நோக்குவோம். சமைக்க வைத்த அரிசியைப் பாரதியார் குருவிகளுக்கு இறைத்த செய்தியை அறியாதார் இலர். மேடைச் சொற்பொழிவாளர் அதனைக் கவிஞனின் கருணைக்குச் சான்றாகக் கூறி மகிழ்விப்பர். பாத்திரங்கள் நிறைந்த சமையலறையில் அது கருணையாக மட்டுமே நிற்கும். வெறுமையான சமையலறையிலோ அதே செயல் மனைவிக்கு இழைத்த கொடுமையாகவும் ஆகின்றது. கவிஞனுக்கும் குடும்பத்தலைவனுக்கும் இடையில் உள்ள முரண், இப்படத்தில் உரையாடலைக் காட்டிலும் அடுக்களையில்தான் மிகுதியும் விளங்குகின்றது என்பது எம் கருத்து. உரையாடலை மட்டும் ஆராய்வார் இதனைக் காணமாட்டார்.

குறையும் உண்டு. பாரதியார் 1908 முதல் 1918 வரை பத்தாண்டுகள் புதுச்சேரியில் வாழ்ந்தார். அது பிரெஞ்சியர் ஆண்ட ஊர். ஆங்கிலேயரின் காவலர் எல்லைக்கப்பால் நின்று வேவு பார்த்த ஊர். அவ்வேற்றுமை திருவல்லிக்கேணித் தெருவினின்றும் பிரித்தறியும் அளவுக்கு எம் கண்ணில் படவில்லை. வீட்டுக்குள் வலிமை பெறும் இவர் கலை, தெருவுக்கு வந்தால் சற்றுத் தளர்கின்றது. கருவில் வல்லவர் முதலில் அத்துணை வல்லரல்லர் என்பது போலும்.

இவ்விடத்தில் மற்றொரு பெருங்கலைஞரோடு ஒப்பிடல் பயன் தரும். தோட்டா தரணி 'நாயகன்' (1987) படத்துக்காக மும்பைத் தாராவியைச் சென்னையில் கட்டினார். அதற்குத் தேசிய விருதும் பெற்றார். 2004-இல் 'அர்ஜுன்' என்னும் தெலுங்குப் படத்துக்காக மதுரை மீனாட்சியம்மன் கோயிலை ஐதராபாத்தில் எழுப்பினார். ஓர் இடத்தை மற்றோர் இடத்தில் மெய்யெனத் தோன்றச் செய்யும் ஆற்றல் அது. முதற்பொருள் நெறியின் உச்சம். ஜெமினி நிறுவனத்தின் 'சந்திரலேகா'வில் (1948) ஏ. கே. சேகர் அமைத்த முரசு நடனக் காட்சியிலிருந்து இந்நெறிக்குத் தமிழில் தொடர்ச்சி உண்டு. அதனைத் தாழ்த்துதல் எம் கருத்தன்று. 'நாயகன்' தாராவி இல்லாமல் நாயகனே இல்லை. ஆயினும், தரணியின் படங்களில் இடம் நினைவில் நிற்கின்றது. கிருஷ்ணமூர்த்தியின் படங்களில் இடத்திலிருந்த பொருள் நினைவில் நிற்கின்றது.

'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி' (2006) நகைச்சுவைப் படம். ஆராய்ச்சி இதழில் அதற்கு இடமுண்டோ என்று மூத்தோர் சிலர் முகஞ்சுளிக்கக்கூடும். சிம்புதேவன் இயக்கத்தில் வடிவேலு இரட்டை வேடம் ஏற்ற இப்படம் பாளையக்காரர் காலத்தைக் களனாகக் கொண்டது. இதில் கிருஷ்ணமூர்த்தி தம் நெறியைத் தலைகீழாக்கினார். ஐம்பதுகளின் அரசர் படங்களில் நாம் கண்டு பழகிய கொலுமண்டபமும் அரியணையும் அந்தப்புரமும் இங்கே மீண்டும் வருகின்றன. ஆயின் மெய்யென நம்பச் செய்வதற்கன்று, பழகிய பொய் என்று அடையாளம் காட்டுவதற்கு. அந்நிய நாட்டுக் குளிர்பானங்களை எள்ளி நகையாடும் 'அக்காமாலா', 'கப்சி' என்னும் பானங்கள் அவ்வவையில் வந்து நிற்கும்போது, காலத்துக்கு ஒவ்வாத ஒரு கருப்பொருள் நிலம் பொழுது அனைத்தையும் நிகழ்காலத்துக்கு இழுத்துவிடுகின்றது. நகைப்புப் பிறப்பதும் அதனாலேயே. சேலத்து அரண்மனைகளைப் பார்த்து வளர்ந்தவர்க்கு இப்படம் இருமடங்கு இனிக்கும்.

பாலாவின் 'நான் கடவுள்' (2009) இதற்கு நேர்மாறு. காசிப் பகுதியில் படித்துறையும் ஈமத்தீயும் தாமே பேசுதலின் கலை இயக்குநர்க்கு ஆங்கே பெரும்பணி இல்லை. இரப்போரை அடைத்து வைத்து ஆளும் உலகத்தில்தான் அவர் பணி தொடங்குகின்றது. அங்கே செட் என்று எதனையும் சுட்ட இயலவில்லை; கந்தலும் அழுக்கும் தட்டும் தரையும் மனிதரோடு ஒன்றி நிற்கின்றன. இத்தகைய பணிக்கு விருதும் பாராட்டும் எளிதில் வாரா. ஞான ராஜசேகரனோடு அவர் மீண்டும் இணைந்த 'ராமானுஜன்' (2014) பற்றி ஒன்றே கூறி அமைவோம். தாள் வாங்க வசதியற்ற கணித மேதை பலகையில் எழுதி முழங்கையால் அழித்து முடிவை மட்டும் குறிப்பேட்டில் எழுதினார் என்பது வரலாறு. அப்பலகையும் குறிப்பேடும் அங்கே சுரிகை ஆணிக்கு நிகரான பொருள்கள். படம் அவற்றை அத்துணை ஆழமாகப் பயன்கொள்ளவில்லை. அது கலை இயக்குநரின் குறை அன்று, திரைக்கதையின் குறை.

2020-ஆம் ஆண்டு திசம்பர் 13-ஆம் நாள் கிருஷ்ணமூர்த்தி சென்னையில் மறைந்தார். அகவை 77. தேசிய விருதுகள் ஐந்து. அவற்றுள் ஒன்று கன்னடப் படத்துக்கு, இரண்டு மலையாளப் படத்துக்கு, இரண்டு தமிழ்ப்படத்துக்கு.

இதுகாறும் கூறியவற்றுக்கு அடிப்படையான தடையொன்று எழுப்பப்படலாம். அது வலிமையான தடை. திரைப்படம் பலர் கூடிச் செய்வது. ஒரு விளக்கை ஓரிடத்தில் வைக்க எண்ணியவர் இயக்குநரா, ஒளிப்பதிவாளரா, கலை இயக்குநரா என்பதனைத் திரையைப் பார்த்து எங்ஙனம் துணிவது? 'வைசாலி'யில் இவ்வையம் முற்றுகின்றது. அதன் இயக்குநர் பரதன் தாமே ஓவியர். கலை இயக்குநராகத் திரைவாழ்வைத் தொடங்கியவர். மழை பொய்த்த அங்க நாட்டின் வறட்சியும் கலைக்கோட்டு முனிவன் வளர்ந்த காட்டின் பசுமையும் எதிரெதிர் நிறங்களாக அப்படத்தில் அமைந்திருத்தல் யாருடைய எண்ணம்? பரதனுடையது என்று கூறுவார் கூற்றை மறுக்க எம்மிடம் சான்றில்லை.

ஆயினும் ஆசிரியர் பெயர் அறியப்படாத பாடல்களை ஆராயும் முறையில் நாம் பழகியவர்களே. ஒரு பாட்டில் மட்டும் காணும் இயல்பை ஆசிரியனுக்கு ஏற்ற இயலாது. வேறு வேறு துறையில், வேறு வேறு புரவலர்பால் பாடிய பாட்டுகளிலும் அவ்வியல்பு தொடர்ந்து வருமாயின் அஃது அவனுடையதே. ஐயர், ஹரிஹரன், ஞான ராஜசேகரன், பாலா ஆகியோர் நோக்கத்தாலும் மொழியாலும் பாணியாலும் ஒருவரோடொருவர் ஒவ்வாதவர். அந்நால்வர் படங்களிலும் பெரிய இடம் சுருங்கிச் சிறிய பொருள் ஓங்குதலையும், உடையும் இடமும் ஒரே கையினின்று பிறத்தலையும் காண்கின்றோம். ஆதலின் அவ்வியல்பு கிருஷ்ணமூர்த்தியுடையது என்று கொள்ள இடமுண்டு.

இதனை உறுதி செய்ய வல்லவை படப்பிடிப்புக்கு முன் வரையப்படும் வரைபடங்களே. செட் கலைக்கப்படும், மரமும் துணியும் அடுத்த படத்துக்குச் செல்லும், வரைபடம் மட்டும் எஞ்சக்கூடும். சுவடி தேடி ஊர் ஊராக நடந்த மரபில் வந்த தமிழ்த் துறைகள், திரைப்பட வரைபடங்களைத் தேடித் தொகுத்ததாகத் தெரியவில்லை. கலை இயக்குநர்கள் தாளில் வரைந்தவற்றைத் தேடித் தொகுத்துப் படத்தோடு வைத்து ஒப்பிட்ட பின்னரே 'வைசாலி' பற்றிய வழக்கைத் தீர்க்க இயலும். முதுகலை மாணவர் எவரேனும் மேற்கொள்வாராயின், அவ்வொப்பீட்டை 'வீரகாதா'விலிருந்தும் அந்தச் சுரிகையிலிருந்தும் தொடங்குதல் நன்று.